பங்காளி வழக்கும் ராஜியும்

(நம் சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



இம்மேடையில் ஆண்டுதோறும் புலவர்களும் பேராசிரியர்களும் நின்று தமிழமுது வழங்கக் கேட்டு மகிழ்ந்திருக்கின்றோம். யாமோ பத்தாம் வகுப்புத் தேறியதோடு ஏட்டுக் கல்விக்கு விடை கொடுத்துவிட்டு, இரயில்வேயில் பயணச்சீட்டு எழுத்தராய்க் காலந்தள்ளி வருகின்றோம். சங்கச் செயலாளர் அவர்கள் எம் இல்லம் தேடி வந்து, "இவ்வாண்டு தாங்களும் பேசுதல் வேண்டும்" என்றபோது திகைத்தோம். இலக்கியம் பேச எமக்குத் தகுதி இல்லை. அரசியல் பேச விருப்பம் இல்லை. எமக்கு நன்கு தெரிந்த பொருள் ஒன்றே. அஃது எம் குடும்பத்தில் 22 ஆண்டுகள் நடந்த நிலவழக்கு. "அதைப் பேசலாமா?" என்று தயங்கிக் கேட்டோம். "அதையே பேசுங்கள். இக்காலனியில் பாதி வீடுகளில் அந்தக் கதைதான்" என்றார் அவர். ஆகவே துணிந்து நிற்கின்றோம்.

செயலாளர் சொன்னது பொய்யன்று. பயணச்சீட்டுச் சாளரத்துக்குப் பின்னே அமர்ந்திருப்பவர்க்கு மனிதரின் முகத்தைக் கண்டே அவர் எங்கே போகின்றார் என்பது ஒருவாறு விளங்கிவிடும். வேலைக்குப் பெங்களூர் செல்வோர் சாளரத்தண்டை நிற்பதே இல்லை, மாதச்சீட்டு வைத்திருக்கின்றனர். திருமணத்துக்குப் போவோர் குடும்பத்தோடு வருவர். கையில் துணிப்பை, பைக்குள் கட்டுக் காகிதம், காலை முதல் வண்டி, குனிந்த தலை, "போக வர ஒன்று" என்னும் சுருங்கிய பேச்சு. இவர் வாய்தாவுக்குச் செல்கின்றவர். மாரிக்குப்பத்தில் ஏறிப் பங்காருப்பேட்டையில் வண்டி மாறி, குப்பம் வழியாக ஜோலார்ப்பேட்டைக்கும் அதற்கப்பாலும் இவ்வாறு போகின்ற தங்கவயல் மக்கள் எத்தனை பேர்! எம் தந்தையாரும் அவருள் ஒருவராய் இருந்தார்.

இவ்வழக்குகள் நம்மவரிடையே மிகுந்திருப்பதற்குக் காரணம் நம் குடிவரவிலேயே இருக்கின்றது. 1880ஆம் ஆண்டு ஜான் டெய்லர் கம்பெனியார் இங்கே சுரங்கத் தொழிலில் இறங்கினர். 1894இல் பங்காருப்பேட்டையிலிருந்து மாரிக்குப்பத்துக்கு இருப்புப்பாதை வந்தது. வட ஆர்க்காடு, சேலம், தர்மபுரி, சித்தூர்ப் பகுதிகளிலிருந்து நம் முன்னோர் வண்டியேறி வந்தனர். ஆனால் குடும்பம் முழுதும் வந்ததில்லை. ஒரு மகன் வந்தான். ஒரு மகன் ஊரில் ஏர் பிடித்தான். வந்தவன் மாதந்தோறும் மணியார்டர் அனுப்பினான். இருந்தவன் அப்பணத்தைக் கொண்டு கிணறு வெட்டினான், மாடு வாங்கினான், தங்கைக்கு மணம் முடித்தான். எழுத்து ஏதும் இல்லை. அண்ணன் தம்பிக்குள் எழுத்து எதற்கு? பட்டா மட்டும் ஊரில் இருந்தவன் பெயருக்கு மாறிற்று. இரு தலைமுறை கழிந்தபின், "பணம் எங்களது" என்று இங்குள்ளோரும், "உழைப்பு எங்களது" என்று அங்குள்ளோரும் சொல்லத் தலைப்பட்டனர். இரண்டும் மெய்யே. இரு பக்கமும் மெய் இருக்கும் வழக்குத்தான் எளிதில் முடியாத வழக்கு.

எம் பாட்டனார் வட ஆர்க்காட்டுச் சிற்றூர் ஒன்றிலிருந்து வந்து சாம்பியன் ரீப் சுரங்கத்தில் வேலைக்கு அமர்ந்தவர். அவர்க்கு மக்கள் மூவர். மூத்தவர் எம் பெரிய தந்தையார். அவர் ஊரிலேயே தங்கி வேளாண்மை பார்த்தார். இளையவர் எம் தந்தையார். பாட்டனாரைப் பின்பற்றிச் சுரங்கத்தில் இறங்கினார். கடைக்குட்டி அத்தையார், ஆம்பூர்ப் பக்கம் வாழ்க்கைப்பட்டவர். பாட்டனார் 1974இல் காலமானார். நிலம் மொத்தம் 4 ஏக்கர் 50 சென்ட். எல்லாம் புஞ்சை, நடுவே ஒரு கிணறு, ஒரு புளியமரம், பன்னிரண்டு தென்னை. இதைக் கேட்டு நகைக்க வேண்டா. ஜமீன்தார்களின் வழக்கைவிட நாலரை ஏக்கர் வழக்கு ஆழமானது. நிலம் சிறுகச் சிறுக வரப்பின் அகலமும் கணக்கில் வரும்.

ஜமீன்தார் என்றதும் நினைவுக்கு வருகின்றது. சிவகங்கைச் சீமை தோன்றியதே ஒரு பாகப்பிரிவினையால்தான். 1730ஐ ஒட்டி இராமநாதபுரச் சீமையை ஐந்து கூறாக்கி, மூன்று கூற்றை இராமநாதபுரத்துக்கு வைத்துக்கொண்டு, இரண்டு கூற்றைச் சசிவர்ணத் தேவருக்கு விட்டனர். அப்பிரிவினை நிலைத்தது. ஆனால் அதே சிவகங்கையில் பிற்காலத்தில் நடந்தது யாது? 1801இல் கும்பினியாரிடம் ஜமீன் பெற்ற கௌரி வல்லப பெரிய உடையாத் தேவர் 1829இல் ஆண் மகவின்றி இறந்தார். அவர் தமையனார் வழியினர் ஒருபுறம். மனைவியரும் மகளும் மறுபுறம். கோர்ட்டு மாறிக் கோர்ட்டு ஏறி, இறுதியில் கடல் கடந்து இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்று, 1863இல் மகள் காத்தம நாச்சியாருக்கு வெற்றி கிட்டியது. 34 ஆண்டுகள்! அத்தீர்ப்பை இன்றும் சட்ட நூல்களில் எடுத்துக் காட்டுகின்றனர். சட்டத்துக்கு அது பெரும் பயன். வழக்கு தொடங்கிய நாளில் இருந்தவருள் எத்தனை பேர் அத்தீர்ப்பைக் காதால் கேட்டனர் என்பதே எம் கேள்வி.

எம் வழக்குக்கு வருவோம். 1992ஆம் ஆண்டு. சுரங்கம் நலிந்து வந்த காலம். "இன்று மூடுவர், நாளை மூடுவர்" என்ற பேச்சு லைன் வீடுகளில் ஓயாது கேட்டது. மூடினால் ஊருக்குப் போய்ப் பயிரிட்டுப் பிழைக்கலாம் என்று எம் தந்தையார் எண்ணினார். ஊருக்குச் சென்று தமையனாரிடம் தம் பங்கைக் கேட்டார். பெரிய தந்தையார், "இப்போது என்ன அவசரம்? நிலம் எங்கும் ஓடிவிடாது" என்றாராம். அவர் அதை எந்த எண்ணத்தில் சொன்னாரோ, எம் தந்தையார் செவியில் அது மறுப்பாய் விழுந்தது. அம்மாதமே வக்கீலைக் கண்டார். பாகப்பிரிவினைப் பிராது தாக்கலாயிற்று.

பிராதில் ஒரு பெரும் பிழை. அத்தையாரைக் கட்சிக்காரராய்ச் சேர்க்கவில்லை. பெண்ணுக்குச் சீர் செய்து அனுப்பியாயிற்று, அவருக்கு என்ன பங்கு என்பது இருதரப்புக்கும் பொதுவான எண்ணம். அண்ணனும் தம்பியும் ஒத்துப்போனது அந்த ஒன்றில்தான்! ஆனால் சட்டம் வேறு. பாட்டனார் 1974இல் இறந்தபோதே 1956ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டம் நடப்பில் இருந்தது. அதன்படி, பூர்வீகச் சொத்தைத் தந்தையும் இரு மைந்தரும் மூன்றாய்ப் பங்கிட்டதாகக் கொண்டு, தந்தையின் மூன்றில் ஒன்றை மக்கள் மூவருக்கும் சமமாய்ப் பிரித்தல் வேண்டும். பாட்டியார் முன்னமே மறைந்துவிட்டார். ஆக, ஆண்மக்களுக்கு ஒன்பதில் நான்கு, ஒன்பதில் நான்கு. மகளுக்கு ஒன்பதில் ஒன்று. நாலரை ஏக்கரில் இரண்டு ஏக்கர், இரண்டு ஏக்கர், ஐம்பது சென்ட். ஒரு தாளில் ஐந்து நிமிடத்தில் போடக்கூடிய இக்கணக்குத்தான் எமக்குப் பதின்மூன்று ஆண்டுகளுக்குப் பின் விளங்கிற்று.

2001ஆம் ஆண்டு பிப்ரவரி 28ஆம் நாள் சுரங்கம் மூடப்பட்டது. அந்நாளை இங்குள்ள பெரியோர்க்கு யாம் நினைவூட்ட வேண்டியதில்லை. தந்தையார் கைக்கு வந்த தொகையில் ஒரு பகுதி வழக்குக்குப் போயிற்று. 2005இல் முதல்நிலைத் தீர்ப்பாணை கிடைத்தது: "சொத்தில் சரிபாதி." வீட்டில் பாயசம் வைத்தனர். அப்போதுதான் வக்கீல் ஐயா, இது முதல்நிலைத் தீர்ப்பாணை மட்டுமே, பங்கு எவ்வளவு என்று சொல்லுமேயன்றி எந்த இடம் என்று சொல்லாது, அதற்குத் தனி மனுப் போட்டு, கமிஷனர் வந்து நிலத்தை அளந்து, இறுதித் தீர்ப்பாணை வாங்க வேண்டும் என்று விளக்கினார். அதற்குள் எதிர்த்தரப்பு அப்பீல் செய்தது. அப்பீலில், அத்தையாரைச் சேர்க்காத குறை வெளிப்பட்டு, வழக்கு மீண்டும் கீழ்க்கோர்ட்டுக்கே திரும்பிற்று. ஏணிப்படி விளையாட்டில் பாம்பின் வாயில் விழுந்த காய் போலானோம்.

இந்த இரண்டு படித் தீர்ப்பாணையால் நாடெங்கும் குடும்பங்கள் பட்ட துன்பத்தை உச்ச நீதிமன்றமே எடுத்துச் சொல்லியிருக்கின்றது. கேரளத்தில் 1981இல் தொடுத்த பாகப்பிரிவினை வழக்கொன்று 2022இல் அங்கே முடிவுக்கு வந்தபோது, முதல்நிலைத் தீர்ப்பாணை பிறந்ததும் கட்சிக்காரர் மனுவுக்குக் காத்திராமல் கீழ்க்கோர்ட்டுகள் தாமாகவே இறுதித் தீர்ப்பாணைக்கான நடவடிக்கையைத் தொடர வேண்டும் என்று ஆணையிட்டனர். நல்ல ஆணை. எம் தந்தையார்க்கு அது பயன்படவில்லை.

அவர் 2011இல் காலமானார். சுரங்கத் தூசி நுரையீரலில் படிந்த நோய். கடைசி ஆறு மாதம் சாய்ந்தே உறங்கினார்.

அன்று நடந்ததைச் சொல்லியே ஆக வேண்டும். ஊருக்குச் செய்தி அனுப்புவதா வேண்டாவா என்று எம் தமையனாருக்கும் எமக்கும் வாக்குவாதம். "வழக்காளிக்கு என்ன சாவுச் சேதி?" என்றார் அவர். அத்தையார் எம்மைக் கேளாமலே தொலைபேசியில் சொல்லிவிட்டார். பெரிய தந்தையார் கிடைத்த வண்டியில் ஏறி நண்பகலுக்கு வந்து சேர்ந்தார். எழுபத்தைந்து வயது கடந்த முதியவர். தெருக்கோடியில் வேப்பமரத்தடியில் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றார். வீட்டு வாசலுக்கு வரவில்லை. யாமும் சென்று அழைக்கவில்லை. இங்கே கூடியிருக்கும் உங்களில் சிலர் அன்று எம் தெருவில் இருந்தீர்கள், பார்த்திருப்பீர்கள். அரை மணி நேரம் அவ்வாறு நின்றார். கடைசியில் அத்தையார் எழுந்து சென்று, சிறு பிள்ளையைக் கைப்பிடித்து அழைத்து வருவது போல் அழைத்து வந்தார். தம்பிக்கு வாய்க்கரிசி இட்டார். சுடுகாடு வரை நடந்தார். எம் வீட்டில் ஒரு வாய் நீர் அருந்தாமல் மாலை வண்டிக்குத் திரும்பினார். பதினெட்டாம் நாள் வாய்தா. கோர்ட்டில் பெயர் கூப்பிட்டபோது அவர் எதிர்த்தரப்பு வரிசையில் எழுந்து நின்றார். இறந்த வாதியின் வாரிசுகளாக யாம் இந்த வரிசையில் நின்றோம்.

அவரும் 2013இல் மறைந்தார். இருவர் தொடங்கியதை இருவர் மக்களும் சுமந்தோம். அவர் மைந்தர் எமக்கு யார்? சிறுவயதில் கோடை விடுமுறையில் ஒரே கிணற்றில் குதித்தவர்கள்.

எம் அன்னையார் எழுத்தறியாதவர். ஒரு நாள் தந்தையாரின் டிரங்குப் பெட்டியைத் திறந்து, அட்டை போட்ட நோட்டுப் புத்தகம் ஒன்றை எம் கையில் தந்து, "இதில் என்ன எழுதியிருக்கிறார் என்று படி" என்றார். வழக்குச் செலவுக் கணக்கு. தேதி, புகைவண்டிக் கட்டணம், வக்கீல் பீஸ், குமாஸ்தாவுக்கு, நகல் எடுக்க, சாப்பாடு, காப்பி. சுரங்கத்தில் வேலை நேரம் குறிக்கும் அதே ஒழுங்கோடு ஒரு வாய்தா விடாமல் எழுதியிருந்தார். அன்று இரவு முழுதும் கூட்டினோம். ரூ. 1,86,430. இதில் இழந்த நாட்கூலி சேரவில்லை. வழக்குத் தொடுத்த 1992இல் எம் ஊர்ப் பக்கம் அந்தத் தொகைக்கு இதைப்போல் இரு மடங்கு புஞ்சை வாங்கியிருக்கலாம். அன்னையார் கணக்கைக் கேட்டுச் சற்று நேரம் பேசாதிருந்தார். பின்பு, "அவர் உயிரோடு இருந்தவரை நான் சொல்லக் கூடாது, இப்போது சொல்கிறேன். ஊருக்குப் போ" என்றார்.

போனோம். தமையனார் முதலில் உடன்படவில்லை. "சரிபாதி என்று கோர்ட்டே சொன்னதை விட்டுக்கொடுத்தால் அப்பாவின் ஆன்மா பொறுக்குமா?" என்று கேட்டார். இக்கேள்வி எளியதன்று. வழக்கில் ஒருவர் இறந்துவிட்டால், வழக்கே அவருடைய நினைவுச் சின்னம் ஆகிவிடுகின்றது. அதை முடித்தால் அவரையே கைவிடுவது போல் மனம் நடுங்குகின்றது. எமக்கும் நடுங்கிற்று.

அப்போது எமக்குத் துணையாக வந்தது, பள்ளிப் பருவத்தில் படித்த காந்தியடிகளின் சத்திய சோதனை. 1893இல் அவர் தென்னாப்பிரிக்கா சென்றது விடுதலைப் போருக்கன்று. இரு வணிகருக்கிடையே நடந்த வழக்கொன்றுக்காக. தாதா அப்துல்லா, தையப் சேட் இருவரும் உறவினர். ஒரே ஊரைச் சேர்ந்தவர். வழக்குத் தொகை 40,000 பவுன். சட்டமும் சான்றும் தம் கட்சிக்கே வலுவாய் இருப்பதை இளம் வழக்கறிஞர் கண்டார். அவ்வாறு இருந்தும், வழக்கு நீண்டால் இருவரும் அழிவர் என்று உணர்ந்து, நடுவர் தீர்ப்புக்கு இருவரையும் இணங்கச் செய்தார். அப்துல்லா சேட்டுக்கே வெற்றி. ஏறத்தாழ 37,000 பவுனும் செலவும். கதை அத்தோடு நின்றிருந்தால் எமக்கு அதில் பாடம் இல்லை. அத்தொகையை ஒரே தவணையில் கட்டினால் தையப் சேட் திவாலாக வேண்டும். ஆகவே நீண்ட தவணைகளில் வாங்கிக்கொள்ளுமாறு வெற்றி பெற்றவரை இணங்க வைப்பதுதான் காந்தியடிகளுக்குக் கடினமாய் இருந்ததாம். தோற்றவனை இணங்க வைப்பதினும் வென்றவனை இணங்க வைப்பது அரிது. எம் தமையனார்தாம் எம் வீட்டு அப்துல்லா சேட்.

இனி ராஜி எவ்வாறு நடந்தது என்பதைச் சற்று விரிவாய்ச் சொல்வோம். கேட்போர்க்குப் பயன்படக் கூடும்.

நிலத்தில் போய் நின்றே பேசினோம். திண்ணையிலோ வக்கீல் அறையிலோ பேசவில்லை. சர்வேயர் கல் தேடிச் சங்கிலி பிடித்தார். பேச்சின் தொடக்கத்திலேயே அத்தையாரை வண்டி வைத்து அழைத்து வந்தோம். "எனக்கு எதுவும் வேண்டாம், நீங்கள் ஒன்றாய் இருந்தால் போதும்" என்றார் அவர். அதைக் கேட்டு இருதரப்பு ஆண்களும் நிம்மதிப் பெருமூச்சு விட்டதை யாம் மறைக்கவில்லை. ஆனால் எம் தங்கை விடவில்லை. "வேண்டாம் என்று அத்தை சொல்வது அன்பால். அந்த அன்பை நீங்கள் நிலமாக எழுதிக்கொள்வீர்களா?" என்றாள். அத்தையார்க்கு 50 சென்ட் கிணற்றை ஒட்டியே ஒதுக்கினோம். சமரசம் என்னும் பெயரால் பெண்மக்களிடம் கையொப்பம் மட்டும் வாங்கிக்கொண்டு வெறுங்கையோடு அனுப்பும் பஞ்சாயத்துகள் நம்மிடையே பல உண்டு. அது ராஜியன்று, கொள்ளை. தமிழ்நாட்டில் 1989லும் கருநாடகத்தில் 1994லும் நாடு முழுமைக்கும் 2005லும் மகளிர்க்குப் பூர்வீகச் சொத்தில் ஆண்மக்களோடு ஒத்த உரிமை வந்துவிட்டது; 2005இல் தந்தை உயிரோடு இல்லாவிடினும் மகளுக்கு அவ்வுரிமை உண்டு என்று 2020இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. மகளிரை விட்டுவிட்டுச் செய்யும் பிரிவினை பின்னொரு நாள் இடிந்து விழும்.

மூத்தவர் கூறு வைக்க, இளையவர் தேர்ந்தெடுப்பது நம் ஊர்ப்புற வழக்கம். அவ்வாறே பெரிய தந்தையாரின் மூத்த மைந்தர் கோடு போட்டார். கிணறு உள்ள மேற்குக் கூறு, இல்லாத கிழக்குக் கூறு. பயிர் அவர்கள் கையில் இருந்தமையால் கிழக்கை யாம் எடுத்தோம். சங்கிலி பிடித்துப் பார்த்தபோது ஒரு சிக்கல். சரியாய் இரண்டு ஏக்கர் வர வேண்டுமாயின் கோடு புளியமரத்தைத் தாண்டி மேற்கே போக வேண்டும். புளியமரத்தடியில்தான் பெரிய தந்தையாரை அடக்கம் செய்திருந்தனர். அவர் மைந்தர் கோட்டைப் பார்த்தார், எம்மைப் பார்த்தார், ஒன்றும் கேட்கவில்லை. சர்வேயர் கல்லைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். எம் தமையனார், ஆம், அந்த அப்துல்லா சேட்தாம், முன்னே சென்று கல்லை வாங்கி, மரத்துக்குக் கிழக்கே கொண்டுவந்து வைத்தார். 20 சென்ட் குறைந்தது. எமக்கு 1 ஏக்கர் 80 சென்ட். அவர்களுக்கு 2 ஏக்கர் 20 சென்ட்.

மற்றவை நிறையப் பேச்சுக்குப் பின் எழுத்தில் வந்தன. கிணற்று நீர் வாரத்தில் எமக்கு இரண்டு நாள், அத்தையார்க்கு ஒரு நாள். மோட்டாரும் மின் இணைப்பும் அவர்கள் பெயரிலேயே இருக்கும், பழுதுச் செலவு மூவர்க்கும் பொது. வடவரப்பு ஓரம் பத்தடி வண்டிப்பாதை. புளி மட்டும் ஆண்டுதோறும் மூன்று பங்கு. கோர்ட்டுத் தீர்ப்பில் இவை எல்லாம் வருமா? வாரா. கோர்ட்டு பங்கைத்தான் சொல்லும், புளியைச் சொல்லாது.

எழுதிய ராஜியை 2014இல் மக்கள் நீதிமன்றத்தின் முன் வைத்தோம். 1987ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் 1995 முதல் இயங்கி வரும் சட்டப்பணிகள் அமைப்பு, தாலுகாதோறும் இதை நடத்துகின்றது. அங்கே பிறக்கும் முடிவு கோர்ட்டுத் தீர்ப்பாணைக்கு நிகர். அதன்மேல் அப்பீல் கிடையாது. கட்டிய கோர்ட்டுக் கட்டணம் திரும்பக் கிடைக்கும். கோர்ட்டுக்கு வெளியே தாமாகவே பேசி முடித்தாலும் கட்டணம் திருப்பித் தர வேண்டும் என்று 2021இல் சென்னையிலிருந்து சென்ற ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கின்றது. பங்குதாரர் அனைவரும் கையொப்பமிட்ட எழுத்து இன்றியமையாதது. பங்குதாரருள் சிறுவர் இருப்பின் கோர்ட்டின் அனுமதி வேண்டும். வழக்கே இன்றி வீட்டுக்குள் பிரித்துக்கொள்வோர், பத்திரத்தால்தான் பங்கு பிறக்கின்றது எனின் அதைப் பதிவு செய்தல் வேண்டும். பதிவுச் செலவுக்கு அஞ்சி வெள்ளைத்தாளில் எழுதி வைத்துக்கொண்டு, பின்னர் அதே தாளுக்காக வழக்காடுவோரை யாம் கண்டிருக்கின்றோம். பிறகு மறவாமல் உட்பிரிவு செய்து தனிப் பட்டா வாங்குக. 22 ஆண்டு முடியாதது, மூன்று அமர்வில் முடிந்தது.

ராஜியானதால் சண்டை ஒழிந்தது என்று யாரும் எண்ணற்க. பெங்களூர் வேலையை விட்டுவிட்டு எம் தமையனார் இப்போது ஊரிலேயே கொட்டகை போட்டுப் பயிரிடுகின்றார். மோட்டார் முறையைப் பற்றி அவருக்கும் பெரிய தந்தையாரின் இளைய மைந்தருக்கும் மாதம் ஒரு தரமேனும் வாய்ச்சண்டை நடக்கின்றது. 20 சென்ட்டைப் பற்றி எம் உறவினர் சிலர் இன்றும் எம்மை ஏசுகின்றனர். "எழுத்தர் வேலை பார்ப்பவனுக்குக் கணக்குத் தெரியவில்லை" என்கின்றனர். எமக்கும் மனக்குறை ஒன்று உண்டு. ஆனால் அது 20 சென்ட்டைப் பற்றியதன்று.

அந்த நோட்டுப் புத்தகத்தில் எல்லா வாய்தாவிலும் "காப்பி 1" என்றே இருக்கும். 1997ஆம் ஆண்டில் ஒரே ஒரு நாள் மட்டும் "காப்பி 2 – ரூ. 6" என்று எழுதியிருந்தது. வக்கீலுக்காக இருக்கலாம் என்று எண்ணினோம். ராஜி முடிந்த அன்று கோர்ட்டுக்கு எதிரே இருந்த கடையில் இரு வீட்டாரும் அமர்ந்திருந்தபோது, பேச்சுவாக்கில் அதைச் சொன்னோம். பெரிய தந்தையாரின் மூத்த மைந்தர் கையிலிருந்த குவளையைக் கீழே வைத்தார். அந்நாள் பெருமழையாம், வாய்தா முடிந்தும் பேருந்து இல்லாமல் கடைத் தாழ்வாரத்தில் இருவரும் ஒதுங்கி நின்றார்களாம். தம்பி ஒன்றும் பேசாமல் காப்பி வாங்கிக் கொடுத்ததாகவும், தாமும் ஒன்றும் பேசாமல் குடித்ததாகவும், அவன் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் அன்றே கொடுத்திருப்பேன் என்றும் அவர் தந்தையார் இறக்கும் வரை சொல்லிக்கொண்டிருந்தாராம்.

எம் தந்தையார் என்ன நினைத்தார் என்பதற்கு அந்த ஆறு ரூபாய்க் கணக்கைத் தவிர எம்மிடம் வேறு சான்று இல்லை. இன்று இங்கே வழக்கோடு இருப்பவர் யாரேனும் ராஜிப் பத்திரத்தின் நகலைப் பார்க்க விரும்பினால், மாலை ஆறு மணிக்குமேல் எம் வீட்டுக்கு வரலாம். நோட்டுப் புத்தகமும் இருக்கின்றது.